தோட்டத்துப் பேரு

கொழும்புக்கு வந்த புதுசுல யாராவது ஊர் கேட்டால் ‘கேகாலை’ என்று சொல்லி நிறுத்திக்கொள்வேன். தோட்டத்துப் பேரைச் சொன்னா அடுத்த கேள்வி லயத்துல வந்து நிக்கும்.

அந்த நாட்களில்தான் தெளிவத்தை ஜோசப்பின் ‘மீன்கள்’ கதையை வாசித்தேன். ஒரே காம்பராவில் குடும்பமே படுத்தெழும்புற நெருக்கடி. பாதியில் மூடிவிட்டேன். எங்க வீடும் அதுதான். நான் இஸ்தோப்பில் படுத்தவன்.

அவர் 1934இல் பிறந்தது பதுளைப் பக்கம், ஊவாகட்டவளைத் தோட்டத்தில். தெளிவத்தை அவர் படிப்பித்த தோட்டம். அந்தப் பேரை விரும்பித் தன் பெயருக்கு முன்னால் போட்டுக்கொண்டார்! 1974இல் ‘காலங்கள் சாவதில்லை’ நாவல், 2013இல் தமிழ்நாட்டின் விஷ்ணுபுரம் விருது, 2022இல் மரணச் செய்தி, எல்லாவற்றிலும் அந்தத் தோட்டம் கூடவே வந்தது. நான் மறைத்ததை அவர் அட்டையில் அச்சடித்திருந்தார்.

ஒரு குறையும் உண்டு. அவருடைய மலை தேயிலை மலை. தெஹியோவிட்டப் பக்கம் எங்களுக்கு ரப்பர். விடிய முந்தி அம்மா பால் வெட்டப் போவார். மழை பிடித்தால் வெட்டு இல்லை, அன்றைக்குப் பேரும் இல்லை. தோட்டத்தில் ‘பேர்’ என்றால் ஒரு நாள் சம்பளம். சுற்றிவரச் சிங்களக் கிராமம். தங்கச்சி கடையில் தமிழ் பேசவே யோசிப்பாள். இதை அவரிடம் தேடியது என் பிழைதான்.

இப்ப ஊர் கேட்டா தோட்டத்துப் பேரையே சொல்றேன். “அது எங்க இருக்கு?” என்கிறார்கள்.