எங்கே எழுதியிருக்கு?

2003-ஆம் ஆண்டு ஆடி மாதம். கொல்லிமலையில் வல்வில் ஓரி விழாவுக்குப் பந்தல் போட்டுக்கொண்டிருந்த நாட்களில் அந்த அம்மா நாமக்கல்லில் என் அலுவலகத்துக்கு வந்தார். செம்மேட்டில் முதல் பஸ் பிடித்து, எழுபது கொண்டை ஊசி வளைவுகளும் இறங்கி வந்திருந்தார். துணிப்பையில் அப்பா பெயரில் இருந்த பட்டா, அவருடைய இறப்புச் சான்றிதழ், எனக்கென்று ஒரு பொட்டலம் மிளகு. உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. நின்றபடியே கேட்டார்: "அப்பன் நிலத்துல பொண்ணுக்குப் பங்கு இல்லைன்னு அண்ணனுங்க சொல்றாங்க. அது எங்க எழுதியிருக்கு சார்?"

என்ன கிடைக்கும், எத்தனை வாய்தா ஆகும், எவ்வளவு செலவு என்று கேட்கும் கட்சிக்காரர்களைத்தான் நான் அதிகம் பார்த்திருக்கிறேன். எங்கே எழுதியிருக்கு என்று கேட்டவர் அவர் ஒருவர்தான்.

புருஷன் செத்ததும் பிறந்த வீட்டுக்குத் திரும்பி வந்தவர். அப்பாவைக் கடைசிவரை பார்த்துக்கொண்டவரும் அவரே. மொத்த நிலம் ஐந்து ஏக்கர். பள்ளத்தில் கொஞ்சம் நெல் வயல். மேட்டில் ஒரு காலத்தில் சாமையும் கேழ்வரகும் விளைந்த புன்செய், இப்போது மரவள்ளி. அண்ணன்கள் இருவர்.

சமவெளியில் இது பெரிய வழக்கே இல்லை. 1989-லேயே தமிழ்நாடு இந்து வாரிசுரிமைச் சட்டத்தைத் திருத்தி, கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்கும் மகனைப் போல உரிமை கொடுத்துவிட்டது. இந்தியா முழுவதற்கும் அது வந்தது 2005-இல்தான். ஆனால் கொல்லிமலையில் வாழும் மலையாளி மக்கள் பட்டியல் பழங்குடியினர். மத்திய அரசு தனியாக அறிவிக்கை வெளியிட்டாலொழிய பட்டியல் பழங்குடியினருக்கு அந்தச் சட்டம் பொருந்தாது என்று 1956-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 2(2) பிரிவு சொல்கிறது. பழங்குடிகளின் வழக்கத்தைக் காப்பாற்ற வைத்த வேலி அது. அந்த வேலிக்கு உள்ளே இருக்கும் பெண்ணின் நிலை என்ன என்று எழுதியவர்கள் யோசித்ததாகத் தெரியவில்லை. எனக்கு இன்றும் அதில் கோபம் உண்டு.

ஆகவே அவருடைய கேள்விக்கு நேர்மையான பதில், "எங்கேயும் எழுதவில்லை" என்பதுதான். எழுதாத ஒன்றை எதிர்த்து வழக்கு நடத்த வேண்டும்.

பாகப்பிரிவினை வழக்குப் போட்டோம். அண்ணன்களின் எதிர்வழக்குரை ஒரே வரியில் நின்றது: எங்கள் நாட்டு வழக்கப்படி ஆண் மக்களுக்கே நிலம். பெண்ணுக்குப் பரிசம் வாங்கிக்கொண்டு அனுப்பிவிட்டால் அவள் போன வீட்டுக்காரி.

இதில் 'நாடு' என்ற சொல்லைக் கவனிக்க வேண்டும். கொல்லிமலையில் 14 ஊராட்சிகள். வளப்பூர் நாடு, வாழவந்தி நாடு, தின்னனூர் நாடு, சேளூர் நாடு என்று எல்லாப் பெயரும் நாட்டில்தான் முடியும். ஊராட்சிச் சட்டம் வருவதற்கு வெகுகாலம் முன்பே இவை தங்களைத் தாங்களே ஆண்டுகொண்ட சின்னஞ்சிறு ஆட்சிகள். பட்டக்காரர் உண்டு, ஊர்க்கவுண்டர் உண்டு, நாடு கூடிப் பேசும் இடம் உண்டு. கல்யாணம், அறுத்துக்கட்டுவது, வரப்புத் தகராறு எல்லாம் அங்கேதான் தீரும். சங்கப் புலவர்கள் பாடிய ஓரியின் காலம் வேறு, இந்த மக்கள் மலையேறிய காலம் வேறு. காஞ்சிப் பக்கத்திலிருந்து அண்ணன் தம்பி மூவர் வந்து ஆளுக்கொரு மலையில் குடியேறினார்கள் என்பது அவர்கள் சொல்லும் வரலாறு. அந்தக் கதையிலும் சகோதரி இல்லை என்பதை நான் வழக்குக் கட்டை வைத்துக்கொண்டு யோசித்த ஒரு ராத்திரியில்தான் கவனித்தேன்.

எதிர்த்தரப்பு வழக்கறிஞர் 1868-ஆம் ஆண்டு ராமநாதபுரம் வழக்கில் பிரிவி கவுன்சில் சொன்னதை எடுத்து வைத்தார். தெளிவாக நிரூபிக்கப்பட்ட வழக்கம் எழுதப்பட்ட சட்டத்தையும் மிஞ்சும் என்ற தீர்ப்பு அது. எனக்கு அதில் பிடி கிடைத்தது 'தெளிவாக நிரூபிக்கப்பட்ட' என்ற இடத்தில்தான். வழக்கம் என்று ஒருவர் சொன்னால் போதாது. அது தொன்மையானதாக, விட்டுப்போகாததாக, நிச்சயமானதாக இருக்க வேண்டும்.

அவர்கள் தரப்பில் ஒரு பெரியவர் சாட்சிக்கு வந்தார். வழக்கத்தை அறிந்தவரின் கருத்தை அப்போதிருந்த சாட்சியச் சட்டத்தின் 48-ஆம் பிரிவு ஏற்றது. பெரியவருக்கு எழுபது வயதுக்கு மேல் இருக்கும். வெள்ளை வேட்டி, தலைப்பாகையைக் கழற்றிக் கக்கத்தில் வைத்திருந்தார். கூண்டில் ஏறியதும் நீதிபதியைப் பார்த்துக் கும்பிட்டார், பிறகு என்னையும். குறுக்கு விசாரணையில் நான் குரலை உயர்த்தவில்லை.

"உங்க நாட்டுல பொண்ணுக்கு நிலம் குடுத்ததே கிடையாதுங்களா ஐயா?"

"கிடையாதுங்க."

"ஒருத்திக்குக்கூட?"

பதில் வரவில்லை. எதிர்த்தரப்பு வழக்கறிஞர் எழுந்தார், நீதிபதி கையமர்த்தினார். பெரியவர் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "எங்க அத்தைக்கு ஒரு வயல் இருந்துச்சுங்க. அறுத்துட்டு வந்தவ. நாடு கூடி, அவ சோத்துக்குன்னு ஒதுக்கினாங்க."

"யார் உழுதாங்க?"

"அவளே ஆள் வெச்சு உழுதா. சாகற வரைக்கும் அவ கையிலதான் இருந்துச்சு."

அவர் பொய் சொல்லியிருக்கலாம். அத்தை செத்து எத்தனையோ ஆண்டுகள். மறுத்துப் பேச யாரும் இல்லை. சத்தியம் செய்துவிட்டு அவரால் அத்தையை இல்லை என்று சொல்ல முடியவில்லை. நாற்பது வருடத் தொழிலில் நான் மனதுக்குள் வணங்கிய எதிர்த்தரப்புச் சாட்சி அவர்.

அந்த ஒரு வயல் போதும், வழக்கம் நிச்சயமானது என்ற வாதம் ஆட்டம் கண்டது. அடுத்த வாய்தாவுக்குள் பெரியவரே அண்ணன்களைக் கூட்டிவைத்துப் பேசியிருக்கிறார். சமரசம் வந்தது. அண்ணன்களுக்கு ஆளுக்கு இரண்டு ஏக்கர், தங்கைக்கு ஒரு ஏக்கர். வீடும் மாடும் அண்ணன்களுக்கு. சமரசத் தீர்ப்பாணை ஆயிற்று. சர்வேயர் வந்து கல் நட்டார்; உட்பிரிவு ஆகி அவர் பெயரில் பட்டா வந்தது.

பல வருடங்களுக்குப் பிறகு, சட்டங்களின் பழைய வரலாற்றைப் படித்துக்கொண்டிருந்தபோது கோர்ட்டின் என்ற ஊரைச் சந்தித்தேன். கிரீட் தீவில், மெசாரா சமவெளியில் இருந்த கிரேக்க நகர அரசு. ஏதென்ஸ், ஸ்பார்ட்டா போலப் பெயர் எடுக்காத ஊர். கி.மு. 5-ஆம் நூற்றாண்டில் அந்த ஊர்க்காரர்கள் தங்கள் குடும்பச் சட்டத்தை 12 பத்திகளில், 600 வரிகளுக்கு மேல், வளைந்த கல்சுவரில் வெட்டி வைத்தார்கள். பிறகு ரோமர்கள் வந்து இசையரங்கம் கட்டியபோது அந்தக் கற்களை இடிக்காமல் அப்படியே சுவரில் பொருத்தினார்கள், அதனால் பிழைத்தது. 1884-இல் இத்தாலிய ஆய்வாளர் ஃபெடரிகோ ஹால்பெர், மாவு அரைக்கும் ஆலைக்குத் தண்ணீர் போன வாய்க்காலின் சுவரில் அந்த எழுத்துகளைப் பார்த்தார். தண்ணீரை வடித்துத்தான் படியெடுக்க வேண்டியிருந்தது.

அதில் இருந்ததைப் படித்தபோது எனக்கு நாற்காலியில் இருப்புக் கொள்ளவில்லை. தகப்பன் இறந்தால் நகரத்து வீடும் ஆடுமாடும் மகன்களுக்கு. மற்றதில் மகனுக்கு ஆளுக்கு இரண்டு பங்கு, மகளுக்கு ஆளுக்கு ஒரு பங்கு. வீட்டைத் தவிர வேறு எதுவும் இல்லையென்றால், அந்த வீட்டிலேயே மகளுக்குப் பங்கு. கணவனைப் பிரிந்தால், தான் கொண்டுவந்த சொத்தும் தான் நெய்த துணியில் பாதியும் பெண்ணுக்கு. அதே காலத்து ஏதென்ஸில் மகளுக்குச் சீதனம்தான்; அண்ணன் தம்பி இல்லாத மகளை, சொத்தோடு சேர்த்து, தகப்பன் வழி நெருங்கிய உறவினன் கைப்பிடிக்க உரிமை கோரலாம். தத்துவமும் நாடகமும் தந்த ஊர் கொடுக்காததை இந்தச் சின்ன ஊர் கொடுத்திருக்கிறது. கோர்ட்டினையும் தூக்கிவைத்துப் பேச மாட்டேன். அடிமைகள் இருந்த ஊர் அது. ஒரே குற்றத்துக்கு, பாதிக்கப்பட்டவர் சுதந்திரரா அடிமையா என்று பார்த்து அபராதத்தை மாற்றிய சட்டம் அது. ஆனால் எழுதி வைத்தார்கள். சுவருக்கு முன்னால் நின்று ஒருத்தி, இதோ இங்கே இருக்கிறது என்று கைகாட்டியிருக்க முடியும்.

இரண்டுக்கு ஒன்று. கொல்லிமலைப் பெரியவர் எந்த நூலையும் படிக்காமல் போட்ட அதே கணக்கு.

சமரசத்துக்கு ஒப்பச் சொன்னது நான்தான். 2023-இல் சென்னை உயர் நீதிமன்றம் பழங்குடிப் பெண்களுக்கும் குடும்பச் சொத்தில் சம பங்கு உண்டு என்றது. 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம், கோண்டு இனப் பெண் ஒருவரின் வாரிசுகள் தொடுத்த வழக்கில், பெண் என்பதற்காகப் பங்கை மறுப்பது சமத்துவ உரிமைக்கு விரோதம் என்று தீர்ப்பளித்தது. அந்தத் தீர்ப்பைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. ஐந்து ஏக்கரை மூன்றாய்ப் பிரித்தால் ஒன்றே முக்கால் ஏக்கருக்குக் கொஞ்சம் குறைவாக வரும். நான் வாங்கிக் கொடுத்தது ஒன்று.

அந்த ஆடியில் மலைக்குப் போய் அவரைப் பார்த்தேன். மேட்டில் மரவள்ளிக்கு நடுவே கொஞ்சம் சாமை போட்டிருந்தார். சொல்ல வந்ததைச் சொன்னேன். "இன்னைக்குக் கேட்டிருந்தா சமமாவே கிடைச்சிருக்கும்மா."

"எனக்கு அன்னைக்கே சாப்பிட வேண்டியிருந்துச்சே சார்" என்றார்.

கோர்ட்டின் பற்றிச் சொன்னேன். நீங்கள் கேட்டீர்களே, எங்கே எழுதியிருக்கு என்று. ஒரு ஊரில் எழுதியிருந்தார்கள் என்று சொல்லி, போனில் அந்தச் சுவரின் படத்தைக் காட்டினேன். முதல் வரி ஒரு பக்கமிருந்து ஓடும், அடுத்த வரி முடிந்த இடத்திலேயே திரும்பி எதிர்ப்பக்கம் ஓடும் என்று விளக்க ஆரம்பித்தேன். முடிப்பதற்குள் அவர் விரல் திரையில் போய்த் திரும்பி வந்துகொண்டிருந்தது.

"ஏர் ஓட்டற மாதிரி" என்றார். "இதுல பொண்ணுக்குப் பங்கு எந்த எடத்துல இருக்கு?"

நான்காவது பத்தியைப் பெரிதாக்கிக் காட்டினேன்.