பாப்பாவின் கைகளைக் கட்டாதே

பாளையங்கோட்டை

அன்புள்ள சித்ரா,

நேற்று போனில் நீ அழுததில் பாதி விளங்கவில்லை. விளங்கிய பாதிக்கு இந்தக் கடிதம்.

முதல்வர் காப்பீட்டில் பாப்பாவுக்குக் காது கேட்கக் காக்ளியர் ஆபரேஷன் செய்யலாம் என்றார்களே, தள்ளிப்போடாமல் செய். ஆனால், “கையசைத்துப் பழக்கினால் பேச்சு வராது” என்று யாரோ சொன்னதை நம்பி வீடே கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறதே, அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. அது பழைய பாட்டு. 1880இல் இத்தாலியின் மிலான் நகரில் ஆசிரியர்கள் கூடி, காது கேளாத பிள்ளைகளுக்குப் பேச்சுவழிப் பாடம்தான், சைகை கூடாது என்று தீர்மானம் போட்டார்கள். கூடியவர்கள் அநேகமாக எல்லாரும் காது கேட்பவர்கள். அதே மாநாட்டின் வழிவந்தவர்கள் அந்தத் தீர்மானத்தைத் தள்ளுபடி செய்ய 2010 ஆயிற்று. வேளைக்கு மொழி கிடைக்காத பிள்ளைதான் பின்னால் திணறும். அந்த மொழி காதில் வந்ததா, கையில் வந்ததா என்பது பொருட்டில்லை.

ஜூனில் எங்கள் காது கேளாதோர் பள்ளி விடுதிக்கு ஒரு பையன் வந்தான். ஆறு வயது. பசித்தால் வார்டனம்மாவின் முந்தானையை இழுப்பான். அவன் பேச்சு அவ்வளவுதான். நாங்கள் பாடம் தொடங்குமுன்பே பெரிய பையன்கள் அவனுக்குச் சைகை மொழியைச் சொல்லிக்கொடுத்துவிட்டார்கள். தீபாவளி லீவுக்கு முன்னால், சாம்பார் வாளியில் பல்லி விழுந்த கதையை, வால் துடித்தது, வார்டனம்மா முழித்த முழி எல்லாம் சேர்த்து எனக்குச் சொன்னான். முகமும் அந்த மொழியில் இலக்கணம்தான். புருவம் ஏறினால் அது கேள்வி. ராத்திரி கரண்ட் போனால் மட்டும் பேச்சு பாதியில் அறுந்துவிடும். டார்ச்சைப் பிடுங்கிவந்து மிச்சத்தை முடிப்பார்கள்!

நீ இன்றே ஆரம்பி. தோளைத் தொட்டுக் கூப்பிடு; அவள் முகம் பார்த்த பிறகு சொல். ஜன்னலுக்கு முதுகு காட்டி நிற்காதே, வெளிச்சம் உன் முகத்தில் விழ வேண்டும். பெண் என்றால் மூக்குத்தி இடத்தில் விரல், ஆண் என்றால் மீசை. டெல்லியில் உள்ள இந்திய சைகை மொழி மையத்தின் அகராதி, பத்தாயிரம் சொற்களோடு, யூடியூபில் இருக்கிறது. மாப்பிள்ளையும் உட்கார்ந்து பார்க்கட்டும். வேலைவிட்டு வந்து தூக்கிக் கொஞ்சினால் போதுமா? மகளோடு சண்டை போடவாவது நாலு சொல் தெரிய வேண்டாமா?

உன் மாமியாரிடம் நான் பேசிக்கொள்கிறேன். பாப்பா எதை எதைக் கண்டால் கை நீட்டுகிறாள் என்று எழுது. அந்தச் சொற்களையே முதலில் படித்துக்கொள்ளலாம்.

உன் அக்கா,
வசந்தா