அந்தக் கையெழுத்து

மாமல்லபுரம் போகும் வழியில் ஒரு டீக்கடையில் நின்று போவது என் வழக்கம். எந்த ஊர் என்று கேட்காதீர்கள்! போன மாதம் டீயோடு ஒரு கோரிக்கையும் வந்தது.

"சார், நீங்க பத்திரிகைக்காரரு. பி.காம் வேற படிச்சிருக்கீங்க. ஒரு மனு எழுதித் தரணும்..."

விஷயம் இதுதான். கடையின் லைசென்ஸைப் புதுப்பிக்க வேண்டும். கடைக்காரர்களிடம் 'டி அண்ட் ஓ' என்றால் உடனே புரியும். 'ஆபத்தான, அருவருப்பான தொழில்கள்' என்று வெள்ளைக்காரன் காலத்தில் வைத்த பெயர். 1920-ம் வருஷத்து நகராட்சிச் சட்டம் போய், 2023-ல் புதுச் சட்டம் நடைமுறைக்கு வந்துவிட்டது. பழைய பெயர் மட்டும் வாயை விட்டுப் போகவில்லை.

"ஆபீஸ்ல ஓனரோட சம்மதக் கடிதம் கொண்டான்றாங்க. அவரோ, 'வாடகையை டபுளாக்கு, இல்லேன்னா காலி பண்ணு'ன்றாரு. பதினாலு வருஷமா நடத்துறேன் சார்!"

எனக்கு டீ இறங்கவில்லை. காரணம், இதே மாதிரி ஒரு மனுவை நான் ஏற்கெனவே எழுதியிருக்கிறேன். எதிர்ப்பக்கத்துக்கு!

2002-ல் செங்கல்பட்டுப் பக்கம் ஒரு ஊரில் இருந்தோம். வீட்டின் முன்பகுதியில் ஒரு மாவு மில். செல்போன் கடைக்கு விட்டால் அட்வான்ஸ் அதிகம் வருமே என்று அப்பாவுக்கு ஆசை. ஆனால், 1960-ம் வருஷத்து வாடகைச் சட்டப்படி காலி செய்ய வைக்க வேண்டுமானால் கோர்ட், வாய்தா என்று வருஷக்கணக்காகும். அப்பா வாடகை வாங்க மறுத்தார். மில்லுக்கார அண்ணன் மணியார்டர் அனுப்பினார். சட்டம் அவருக்கு அந்த வழியைக் கொடுத்திருந்தது.

அப்போதுதான் புது பி.காம்-மான எனக்கு 'மூளை' வேலை செய்தது. 'கட்டட உரிமையாளராகிய எனக்குச் சம்மதமில்லை. உரிமம் புதுப்பிக்க வேண்டாம்' என்று மனு எழுதினேன். அப்பா கையெழுத்துப் போட்டார். லைசென்ஸ் நின்றது. 'உரிமம் இல்லாமல் தொழில் செய்கிறீர்' என்று அண்ணனுக்கு நோட்டீஸ் வந்தது. ஆறே மாதத்தில் மோட்டாரை டெம்போவில் ஏற்றினார்.

சாவியைக் கொடுத்தபோது சொன்னார்: "மனுவைப் பார்த்தேன் தம்பி. கையெழுத்து முத்து முத்தா இருந்துச்சு."

கோபமாகச் சொல்லியிருந்தால் மறந்திருப்பேன்.

யோசித்துப் பாருங்கள். லைசென்ஸ் என்பது அடுப்பு, புகை, கழிவுநீர், சுத்தம் இவற்றைப் பார்த்துத் தர வேண்டியது. சுவர் யாருடையது, வாடகை எவ்வளவு என்பதெல்லாம் வேறு இடத்தில் தீர வேண்டிய வழக்கு. ஓனர் கையெழுத்து இல்லாமல் ஆகாது என்றால், அதிகாரியின் பேனாவை ஓனர் சட்டைப்பையில் செருகுகிறோம் என்று அர்த்தம். திருவனந்தபுரம் மாநகராட்சி வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் 2016-ல் சொன்னதும் ஏறக்குறைய இதைத்தான்... முறையாகக் குடியிருக்கும் வாடகைக்காரருக்கு, ஓனர் சம்மதமில்லை என்பதற்காக உரிமத்தை மறுக்கக் கூடாது.

ஓனர்கள் எல்லோரும் வில்லன்களா? இல்லை. அந்தக் காலத்து வாடகையைக் கொடுத்துக்கொண்டு அசையாமல் உட்கார்ந்தவர்களும் உண்டு. அதற்குத்தான் 2019 பிப்ரவரியில் புது வாடகைச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. ஒப்பந்தத்தை எழுதி, வாடகை அதிகாரியிடம் பதிய வேண்டும். காலம் முடிந்தால் ஓனர் இடத்தைக் கேட்கலாம். முன்வாசல் இருக்கும்போது லைசென்ஸ் என்ற கொல்லைப்புறம் எதற்கு?

"ஒப்பந்தம் இருக்கா?" என்றேன்.

"எல்லாம் வாய்வார்த்தைதான் சார்."

பகீரென்றது. புதுச் சட்டத்தில் ஒப்பந்தம் எழுதாததே காலி செய்யச் சொல்ல ஒரு காரணமாகிவிடும். கடை வைத்திருக்கிறீர்களா? இன்றைக்கே ஒப்பந்தத்தைத் தேடி எடுங்கள். இல்லையென்றால் கேட்டு எழுதுங்கள். வாடகையை வங்கி வழியாகக் கொடுங்கள். உரிமம் மறுத்தால், காரணத்தை எழுத்தில் கேளுங்கள்.

நல்லவேளை, மூன்று வருஷமாக அவர் வாடகையை ஜிபேயில் அனுப்பியிருக்கிறார். அதையெல்லாம் பிரிண்ட் எடுத்து இணைத்தோம். மனுவை டைப் அடிக்கலாம் என்றார். வேண்டாம் என்று கையாலேயே எழுதினேன்.

மனு போயிருக்கிறது. பதில் இன்னும் வரவில்லை. டீக்குக் காசு வேண்டாம் என்றார். வைத்துவிட்டுத்தான் வந்தேன். அந்தக் கையெழுத்துக்குக் கூலி வாங்கும் யோக்கியதை எனக்கு இல்லை!