காரைக்காற்பேயின் சொற்களைத் தேடி

காரைக்கால் அம்மையாரின் வரலாறாக இன்று வழங்குவது, கணவன் பரமதத்தன் அனுப்பிய இரு மாங்கனிகளுள் ஒன்றைச் சிவனடியாருக்குப் படைத்த புனிதவதியின் கதையாகும். ஆனிப் பௌர்ணமியில் பிச்சாண்டவர் வீதியுலா வரும்போது மாடிகளிலிருந்து மாங்கனிகளை இறைக்கும் திருவிழாவும் இதிலிருந்தே பிறந்தது. இக்கதையின் தோற்றுவாயைத் தேடிப் பின்னோக்கிச் சென்றால், அது 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் இயற்றிய பெரியபுராணத்தோடு நின்றுவிடுகிறது. அதற்குப் பல நூற்றாண்டுகள் முந்தைய அம்மையாரின் பாடல்களில் மாங்கனியும் இல்லை, புனிதவதி என்னும் பெயரும் இல்லை.

அப்பாடல்களில் இருப்பது ஒரு சுடுகாடு. பதிகம் என்பது பெரும்பாலும் பத்துப் பாடல்களும் ஆசிரியர் பெயர் சுட்டும் இறுதிப் பாடலும் கொண்ட இசைப்பாட்டு வகை. தேவாரத்துக்கு முற்பட்டதாகையால் 'மூத்த' என்னும் அடைபெற்ற திருவாலங்காட்டுப் பதிகம் இரண்டும் முறையே நட்டபாடை, இந்தளம் ஆகிய பண்களில் அமைந்தவை. அவற்றுள் முதலாவது, முலை வற்றி, நரம்பு புடைத்து, கண் குழிந்து, வயிறு ஒட்டிய பெண்பேய் ஒன்று காட்டில் அலறுவதிலிருந்து தொடங்குகிறது. பாடியவர் தம்மைக் 'காரைக்காற்பேய்' என்றே குறிப்பிடுகிறார். பேயுருவைத் தம் பெயராகவே ஏற்ற இத்துணிவு, எந்த அற்புதக் கதையையும் விடப் பெரியது.

புராணத்தை ஒதுக்கிப் பாடலை நேரே வாசிக்க விழைபவரை இத்தேடல் புதுச்சேரிக்கும் அழைத்துச் செல்கிறது. 1954இல் பிரெஞ்சு ஆட்சி காரைக்காலை விட்டு நீங்கியது. மறு ஆண்டு ழான் ஃபிலியோசா தலைமையில் புதுச்சேரியில் பிரெஞ்சு நிறுவனம் தொடங்கியது. 1956இல் அதன் இந்தியவியல் வரிசையின் முதல் நூலாகக் காரவேலனின் பிரெஞ்சு மொழிபெயர்ப்பில் வெளிவந்தவை அம்மையாரின் பாடல்களே. அந்நூல் 1982இல் மறுபதிப்புக் கண்டபோது பின்னுரையும் சொல்லடைவும் எழுதிச் சேர்த்தவர் பிரான்சுவா குரோ.

குரோ (1933–2021) சங்கத் தொகையுள் ஒன்றான பரிபாடலை 1968இல் பிரெஞ்சில் தந்தவர், இரா. நாகசாமியுடன் உத்திரமேரூர் குறித்து 1970இல் நூல் எழுதியவர், 1977 முதல் 1989 வரை தூரகிழக்கு நாடுகளுக்கான பிரெஞ்சு ஆய்வுப் பள்ளியின் இயக்குநராக இருந்தவர், அக்காலத்திலேயே தி. வே. கோபாலையருடன் இணைந்து தேவாரப் பதிப்பைக் கொண்டுவந்தவர். பக்திப் பாடலில் நின்றுவிடாமல் தற்காலச் சிறுகதைகளையும் பிரெஞ்சுக்குக் கொண்டுசென்றார் என்பதே அவர் வாழ்க்கையின் தனிச்சிறப்பு. பழந்தமிழை மட்டும் போற்றி நிகழ்காலத் தமிழைப் புறக்கணிக்கும் புலமை அவரிடம் இல்லை. தமிழிலக்கியம் குறித்த அவருடைய கட்டுரைகள் பலவும் 'டீப் ரிவர்ஸ்' என்னும் ஆங்கிலத் தொகுப்பாக 2009இல் வெளிவந்துள்ளன.

முந்தைய பாட்டின் முடிவையே அடுத்த பாட்டின் தொடக்கமாகக் கொள்ளும் அந்தாதி வகையில் அம்மையார் பாடிய அற்புதத் திருவந்தாதி 101, திருவிரட்டை மணிமாலை 20, பதிகங்கள் இரண்டிலும் 22 என, பதினோராந் திருமுறையிலுள்ள அவர் பாடல்கள் மொத்தம் 143. மாங்கனி ஏந்த வரும் அன்பர்கள் அவற்றை ஒருமுறையேனும் முழுமையாகப் படித்துப் பார்க்க வேண்டும்.