அந்தச் சிவப்பு அங்கி ஐயா

எங்கட பட்டமளிப்பு விழாவில் வேந்தர் என் கையில் பட்டச்சுருளைத் தந்த நேரம் மூன்று செக்கன் இருக்கும். படம் எடுத்த அண்ணா “இஞ்ச பாருங்கோ” என்று சொல்லி முடிக்க முதல் அடுத்த பிள்ளை மேடைக்கு வந்திட்டா. அன்றைக்குப் பின்னேரம் அம்மம்மா கேட்டா: “அந்தச் சிவப்பு அங்கி போட்ட ஐயாவுக்கு கம்பசில என்ன வேலை?”

“ஒரு வேலையும் இல்லை அம்மம்மா. நடத்துறது துணைவேந்தர். இவர் பட்டம் குடுக்க மட்டும் வாறவர்.”

அந்தப் பதிலை மாற்ற வேண்டும் என்று எனக்குத் தோன்றியது இரண்டு வருடம் கழித்து, ஒரு தொலைக்காட்சியில் உதவித் தயாரிப்பாளராக இருந்தபோது. ஒரு குடியிருப்பில் தண்ணீர் வராததைப் பற்றி நாலு நிமிட விவரணம் செய்திருந்தேன். எங்கிருந்தோ தொலைபேசி வந்தது. உண்மையில் நான் ஒரு பிழை விட்டிருந்தேன்: 14 குடும்பம் என்பதை 40 என்று எழுதிவிட்டேன். தண்ணீர் வராதது பொய்யில்லை. ஆனால் மேலதிகாரி கூட்டத்தில் சொன்னார், “அது அந்தப் பிள்ளை தன்ரபாட்டில செய்தது.” ஸ்கிரிப்டில் அவரின் கையெழுத்து இருந்தது.

அந்தக் கிழமைதான் கிரெக் டைக் பற்றி வாசித்தேன். ஏ/எல்லில் கணிதத்தில் ஒரேயொரு ‘ஈ’ எடுத்தவர். உள்ளூர்ப் பத்திரிகையில் வேலை செய்துவிட்டு, பிந்தித்தான் யோர்க் பல்கலைக்கழகத்துக்குப் போய், 1974இல் அரசியலில் பட்டம் பெற்றார். பிறகு லண்டன் வீக்எண்ட் தொலைக்காட்சியில் தயாரிப்பாளர். விழுந்துகொண்டிருந்த ரிவி-ஏஎம் காலை நிகழ்ச்சியைத் தூக்கி நிறுத்தியவர்களில் ஒருவர். 2000இல் பிபிசியின் பணிப்பாளர் நாயகம். பிபிசி அளவுக்கு மிஞ்சி வெள்ளையாக இருக்கிறது என்று அந்தக் கதிரையில் இருந்துகொண்டே சொன்ன ஆள்.

2003 மே மாதம், ஈராக் ஆயுதங்கள் பற்றிய அறிக்கையை அரசாங்கம் ஊதிப் பெருப்பித்தது என்று பிபிசி வானொலியில் அன்ட்ரூ கில்லிகன் சொன்னார். அரசாங்கம் பாய்ந்தது. டைக் தன் செய்தியாளரின் பக்கம் நின்றார். யூலையில், செய்தியின் மூலமாக இருந்த விஞ்ஞானி டேவிட் கெலி இறந்துகிடந்தார். 2004 ஜனவரி 28 வெளிவந்த ஹட்டன் அறிக்கை பிபிசியையே கடுமையாகச் சாடியது. அடுத்த நாள் டைக் பதவி விலகினார். ஆயிரக்கணக்கான ஊழியர்கள் தெருவில் இறங்கி நின்றார்கள்.

அவரை நான் வீரராக்க வரவில்லை. செய்தியின் ஒரு முக்கிய வரிக்குச் சரியான ஆதாரம் இல்லை. அதை ஆறுதலாகச் சரிபார்க்காமலே நிறுவனம் வரிந்துகட்டிக்கொண்டு நின்றது. ஆனால் ஈராக்கில் அந்த ஆயுதங்கள் கடைசிவரை கிடைக்கவுமில்லை. ஒரு வரி பிழைத்தால் அந்த வரியைத் திருத்த வேண்டும், முழுச் செய்தியையும் அதைச் செய்த பிள்ளையையும் கைகழுவக் கூடாது. எனக்குத் தேவைப்பட்டது “40 பிழை, 14 சரி, மிச்சம் அப்படியே நிக்குது” என்ற ஒரு வசனம்தான்.

அதே 2004இல் யோர்க் அவரைத் தன் வேந்தராக்கியது. 2015 வரை இருந்தார். அங்கேயும் நிருவாகம் துணைவேந்தரின் கையில்தான். வேந்தர் அங்கி போட்டு, கைகொடுத்து, பட்டம் வழங்குவார். ஆனால் பரீட்சையில் சறுக்கி, நாடே பார்க்கப் பதவியிழந்த ஒருவரிடமிருந்து அந்தச் சுருளை வாங்குவது வேறுமாதிரி இருந்திருக்கும் என்று நினைக்கிறேன். எங்கட நாட்டில் வேந்தரை நியமிப்பது ஜனாதிபதி. அரசாங்கத்தோடு மோதி வேலை இழந்த ஒரு ஊடகக்காரருக்கு அந்த அங்கி கிடைக்குமா? யோசிச்சுப் பாருங்கோ.

நான் அந்த வேலையை விட்டிட்டேன். அம்மம்மாவிடம் இப்ப கேட்டால் இப்படிச் சொல்லுவேன்: “அவருக்கு அதிகாரம் ஒண்டும் இல்லைத்தான். ஆனா ஆரை அந்த இடத்தில நிப்பாட்டுறம் எண்டதில, பிள்ளையள் எப்பிடி வரோணும் எண்டு நாங்கள் நினைக்கிறது தெரியும்.”