தகரக் கொட்டிலில் தொடங்கிய இரைச்சல்

சிட்னியில் ஹோம்புஷ் பக்கம் குடியிருக்கிற ஈழத்தமிழர்களுக்கு வில்லாவுட் என்றால் நினைவுக்கு வருவது தடுப்பு முகாம். படகில் வந்து அகப்பட்ட சொந்தக்காரரைப் பார்க்கப் போன இடம். 2010-ல் எங்கள் பிள்ளைகள் சிலர் அதன் கூரையில் ஏறி நின்று போராடியதைத் தொலைக்காட்சிக்கு முன்னால் குந்தியிருந்து பார்த்தோம். அந்த இடத்துக்கு ஒரு பாட்டுக் குழுவைத் தேடிப் போவேன் என்று யாராவது அன்று சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன்.

கூட்டிப்போனவன் என் அக்காவின் மகன். ஏசி/டிசி குழுவின் பைத்தியம். கறுப்பு ரீஷேர்ட், நெஞ்சில் மின்னல் கீறிய எழுத்து. அவர்களின் பாட்டை நான் காரில் கேட்டிருக்கிறேன். நிறுத்தச் சொல்லியும் இருக்கிறேன். ஆனால் கதையைக் கேட்ட பிறகு கால்கள் தாமாக நடந்தன.

இன்றைய முகாம் இருக்கும் வட்டாரத்தில் அன்று வில்லாவுட் குடியேறிகள் விடுதி இருந்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பின்னால் ஆஸ்திரேலியாவுக்கு ஆட்கள் தேவைப்பட்டார்கள். பிரிட்டனிலிருந்து வருகிறவர்களுக்குப் பெரியவருக்குப் பத்துப் பவுண், பிள்ளைகளுக்குக் காசில்லை. மிச்சத்தை அரசாங்கம் பார்த்துக்கொண்டது. வந்தவர்களை அரை உருளை வடிவத் தகரக் கொட்டில்களில் தங்கவைத்தார்கள். 1963-ல் கிளாஸ்கோவிலிருந்து வில்லியம் யங் தன் பெரிய குடும்பத்தோடு வந்து இறங்கியது இங்கேதான். கடைசி இரண்டு பொடியன்கள் மால்கமும் ஆங்கஸும். மால்கமுக்குப் பத்து வயது, ஆங்கஸுக்கு எட்டு.

அவர்களின் அண்ணன் ஜார்ஜ் இந்த விடுதியில் நெதர்லாந்திலிருந்து வந்த ஹாரி வாண்டாவைச் சந்தித்தார். அந்தச் சிநேகிதத்தில் பிறந்தது ஈஸிபீட்ஸ் குழு. ஐந்து பேரில் ஒருவர்கூட ஆஸ்திரேலியாவில் பிறந்தவர் இல்லை. 1966-ல் அவர்களின் ஒரு பாட்டு பிரிட்டன்வரை போய் வென்றது. பின்னால் ஹாரி வாண்டா தன் பழைய கிரெட்ச் கித்தாரைச் சின்னவன் மால்கமிடம் கொடுத்தார். மால்கம் வாழ்நாளெல்லாம் வாசித்தது அதைத்தான். வண்ணத்தைச் சுரண்டி, உள்ளே வேண்டாததைக் கழற்றி எறிந்து, தனக்குத் தோதாக்கி வைத்திருந்தார்.

முகாம் வேலியோரம் நின்று மருமகன் சொன்னான், "மாமா, இவங்களும் எங்களைப்போல வந்தவங்கள்தானே."

"எங்களைப்போல இல்லையடா. இவங்கள் கூப்பிட்டு வந்தவங்கள்."

அதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. 1963-ல் யாழ்ப்பாணத்திலிருந்து ஒருவர் அந்தப் பத்துப் பவுண் திட்டத்தில் வந்திருக்க முடியாது. வெள்ளை ஆஸ்திரேலியக் கொள்கையின் கடைசி எச்சங்களை விட்லம் அரசாங்கம் துடைத்தது 1973-ல். அதே 1973 நவம்பரில்தான் மால்கமும் ஆங்கஸும் குழுவைத் தொடங்கினார்கள். அக்கா மார்கரெட்டின் தையல் மெஷினில் இருந்த எழுத்துகள் பெயராயின. பாடசாலைச் சீருடையோடு ஆங்கஸ் மேடையேறுவதும் அக்காவின் யோசனைதான். எழுபது வயதிலும் அந்த அரைக்காற்சட்டையை அவர் விடவில்லை.

அங்கிருந்து பேர்வுட். விடுதியை விட்டு யங் குடும்பம் குடியேறிய வீடு பர்லி தெருவில் நான்காம் இலக்கம். இருந்தது என்றுதான் எழுத வேண்டும். நேஷனல் டிரஸ்ட் அமைப்பின் மரபுரிமைப் பட்டியலில் பெயர் இருந்தும் 2025-ல் இடித்துவிட்டார்கள். அந்தப் பட்டியலுக்குச் சட்ட பலம் கிடையாது. இடித்த பிறகு கட்டட நிறுவனம் வருத்தம் தெரிவித்தது. நாங்கள் போனபோது வேலி மட்டும். தெரு முழுக்கச் சீன உணவுக் கடைகளின் வாசம் வந்துகொண்டிருந்தது. பேர்வுட் இன்று சீனர்களின் ஊர். எனக்கு அதில் ஒரு குறையும் தெரியவில்லை. ஒரு குடியேறி கைவிட்ட தெருவுக்கு இன்னொரு குடியேறி வருகிறான். மருமகன் மட்டும் முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு நின்றான்.

இந்தக் குழுவைப் பற்றி எழுதுகிறவர்கள் குடியையும் கூத்தையும் எழுதுவார்கள். என் கண்ணுக்குப் பட்டது வேலை. மால்கம் உள்ளாடைத் தொழிற்சாலையில் தையல் மெஷின் பழுதுபார்த்தவர். ஆங்கஸ் அச்சகத்தில் இருந்தவர். மதுவைத் தொடாதவர், தேநீர்க்காரர். 1974-ல் வந்து சேர்ந்த பாடகர் பான் ஸ்காட் எடை மெஷின் திருத்தியவர், சிங்கி இறால் பிடிக்கும் படகில் போனவர், தபால் போட்டவர், உரத் தொழிற்சாலையில் மண்வெட்டி பிடித்தவர். இவர்கள் பாட்டையும் ஒரு கைத்தொழிலாகவே செய்தார்கள். கொஞ்சப் பேர் கூடும் மதுக்கடையில் வாசித்தாலும் அரங்கம் நிறைந்த கூட்டத்துக்கு வாசிப்பதுபோல வாசித்தார்கள். ஐம்பது வருடமாக ஒரே சாமான்தான் செய்கிறார்கள் என்பது விமர்சகர்களின் முறைப்பாடு. உண்மைதான். ஆனால் அந்தச் சாமான் பழுதானதாக ஒருவரும் திருப்பிக் கொண்டுவரவில்லை.

அடுத்துப் போன மெல்பேணில் நின்றது கொஞ்ச நேரம். ஃபிளிண்டர்ஸ் லேனிலிருந்து பிரியும் கார்ப்பரேஷன் லேன் என்ற ஒடுங்கிய ஒழுங்கைக்கு 2004-ல் குழுவின் பெயரைச் சூட்டினார்கள். பெயருக்கு நடுவில் வரும் சாய்கோட்டைத் தெருப்பெயர் விதிகள் அனுமதிக்கவில்லை என்பதால் கோடில்லாத பெயர்ப்பலகை. பலகையைக் களவெடுப்பது ரசிகர்களுக்கு ஒரு நேர்த்திக்கடன் ஆகிவிட்டது. சுவரெல்லாம் வண்ணப் பூச்சு, கீழே குப்பைத் தொட்டிகள். நகரசபை தரும் மரியாதைக்கு இந்த ஒழுங்கை பொருத்தம்தான் என்று பட்டது. அகலமான வீதியொன்று கொடுத்திருந்தால் இவர்களுக்கு ஒட்டியிருக்காது.

அகலமான வீதி வேண்டுமென்றால் பக்கத்தில் ஸ்வான்ஸ்டன் தெரு இருக்கிறது. 1976 பிப்ரவரி 23 அன்று திறந்த லொறியின் முதுகில் ஏறி அதன் வழியே வாசித்துக்கொண்டு போனார்கள். பான் ஸ்காட் கையில் ஸ்கொட்லாந்துப் பைக்குழல். அதற்குப் பின்னால் ஒரு வேடிக்கை உண்டு. பான் சின்ன வயதில் பைக்குழல் வாத்தியக் குழுவில் இருந்தவர் என்று கேள்விப்பட்ட ஜார்ஜ், அன்று லொறியில் வாசித்த பாட்டுக்கு அதைச் சேர்க்கலாம் என்று முன்பே சொல்லியிருந்தார். வாத்தியத்தை வாங்கி வந்த பிறகுதான் தெரிந்தது, பான் அந்தக் குழுவில் அடித்தது மேளம்! பிறகு அதைத் தட்டுத்தடுமாறிப் பழகிக்கொண்டார். 2025 நவம்பரில் குழு மீண்டும் மெல்பேணுக்கு வந்த நாளில், ஃபெடரேஷன் சதுக்கத்தில் முன்னூறுக்கும் மேற்பட்ட பைக்குழல்காரர்கள் கூடி அதே பாட்டை வாசித்து உலக சாதனை செய்தார்கள்.

பயணத்தின் பெரிய பங்கு மேற்குக் கரைக்கு. பேர்த் நகரில் கார் வாடகைக்கு எடுத்து, கேனிங் நெடுஞ்சாலையில் ஃப்ரீமாண்டில் நோக்கிப் போனோம். 1979-ல் வந்த 'ஹைவே டு ஹெல்' பாட்டின் நரக வழி இதுதான் என்று இங்கே சாதிப்பார்கள். ராஃபிள்ஸ் ஹோட்டலை நோக்கி இறங்கும் செங்குத்துச் சரிவில் குடித்துவிட்டு ஓட்டிச் செத்தவர்களின் கணக்கையும் சேர்த்துச் சொல்வார்கள். ஊர்ப்பெருமை எனக்கும் விளங்கும். ஆனால் பஸ்ஸிலும் விமானத்திலும் ஓயாமல் அலைந்த களைப்பிலிருந்தே அந்தத் தலைப்பு வந்தது என்று ஆங்கஸ் சொல்லியிருப்பதைத்தான் நம்புகிறேன். எப்படியோ, 2020 மார்ச் 1 அன்று பேர்த் கலைவிழாவுக்காக இந்தச் சாலையையே மூடி, லொறிகளில் குழுக்களை ஏற்றி ஏசி/டிசி பாட்டுகளை வாசித்துக்கொண்டு போனார்கள். சில நாட்களில் கொரோனா வந்து எல்லாவற்றையும் மூடியது.

ஃப்ரீமாண்டில் ஒரு துறைமுக ஊர். மீன்பிடித் துறையில் பொரித்த மீனுக்கு வரிசையில் நிற்கும் சனத்துக்கு நடுவே, ஒலிபெருக்கிப் பெட்டி ஒன்றின்மேல் பான் ஸ்காட் வெண்கலத்தில் நிற்கிறார். கிரெக் ஜேம்ஸ் செய்த சிலை, 2008-ல் திறந்தார்கள். ஆள் உயரம்தான். பிள்ளைகள் காலைப் பிடித்துத் தொங்குகிறார்கள். பானும் வந்தவர்தான். ஸ்கொட்லாந்தில் ஃபார்ஃபரில் பிறந்து, கிரிமியூரில் வளர்ந்து, 1952-ல் ஆறு வயதில் கப்பலேறி, 1956-ல் இந்த ஊருக்கு வந்தார். பதினைந்து வயதில் பள்ளிக்கூடத்தை விட்டார். பொலீசோடு கொளுவிச் சிறுவர் சீர்திருத்த நிலையத்திலும் இருந்தார்.

கல்லறைத் தோட்டம் ஊருக்குச் சற்று வெளியே. பெரிய சமாதியைத் தேடிப் போனால் ஏமாந்து போவீர்கள். சாம்பல் புதைத்த இடத்தில் ஒரு சின்னத் தகடு, பக்கத்தில் ஒரு வாங்கு. கித்தார் தட்டும் சில்லுகளையும் விஸ்கிப் போத்தல்களையும் வைத்துவிட்டுப் போயிருந்தார்கள். 2006-ல் நேஷனல் டிரஸ்ட் இந்த இடத்தையும் மரபுரிமைப் பட்டியலில் சேர்த்தது. அதே வருடம், உயிரோடிருந்தால் அறுபதாவது பிறந்தநாளாக இருந்திருக்கும் நாளில், அப்போதிருந்த தகட்டை யாரோ பெயர்த்துக்கொண்டு போய்விட்டார்கள்.

1980 பிப்ரவரி 19. லண்டனில் இரவு முழுக்கக் குடித்துவிட்டு, நிறுத்திவைத்த ரெனோ காரில் தூங்கிய பான் எழும்பவில்லை. வயது 33. உலகப் புகழ் அப்போதுதான் கையெட்டும் தூரத்தில் வந்திருந்தது. வேறு குழுவென்றால் அத்தோடு கலைந்திருக்கும். இவர்கள் இங்கிலாந்தின் வடக்கிலிருந்து, கார்க் கூரை திருத்திக்கொண்டிருந்த பிரையன் ஜான்சனைப் பிடித்தார்கள். பஹாமாஸ் போனார்கள். மட் லாங் தயாரிப்பில் சில வாரங்களில் ஒரு தொகுப்பை முடித்தார்கள். ஜூலை 25-ஆம் தேதி 'பேக் இன் பிளாக்' வெளிவந்துவிட்டது. பான் இறந்து ஐந்து மாதம் சொச்சம். அட்டை முழுக்கத் துக்கத்தின் கறுப்பு. முதல் பாட்டு சாவு மணியோடு தொடங்கும். இங்கிலாந்தின் லஃப்பரோ வார்ப்பகத்தில் அதற்கென்றே வார்த்த மணி. சுமார் ஐந்து கோடிப் பிரதிகள் விற்றதாகக் கணக்கு. இரங்கல் ஒன்று இவ்வளவு விற்றதை நான் வேறெங்கும் கேள்விப்பட்டதில்லை.

பிறகு வந்த நாற்பது வருடங்களை மருமகன் அந்த வாங்கில் இருந்தே ஒப்புவித்தான். மேளக்காரர்கள் போனார்கள், வந்தார்கள். 2016-ல் பிரையனுக்குக் காது கேளாமல் போகும் ஆபத்து வர, ஆக்ஸல் ரோஸ் முறிந்த காலோடு கதிரையில் இருந்து பாடத் தொடங்கி, இசைப் பயணத்தை முடித்துக் கொடுத்தார். இதெல்லாம் எனக்குச் செய்தி மட்டுமே. மனதில் நின்றது மால்கம். ஆங்கஸ் முன்னால் குதிக்க, மால்கம் பின்னால் பெட்டிகளோரம் நிற்பார். சேர்ந்து பாட வேண்டிய இடத்தில் இரண்டடி முன்னால் வந்து, பாடிவிட்டுப் பழைய இடத்துக்கே போய்விடுவார். திருவிழா மேளத்தில் தாளம் போடுகிறவரை யார் பார்க்கிறார்கள்? அவர் பிசகினால் கச்சேரியே விழுந்துவிடும். மறதி நோய் வந்தபோது, தான் கட்டிய மெட்டுகளையே மறுபடி பாடம்பண்ணிக்கொண்டு அவர் மேடையேறினார். 2014-ல் விலகினார், அண்ணன் மகன் ஸ்டீவி அந்த இடத்துக்கு வந்தார். 2017 நவம்பரில் மால்கம் இறந்தார். ஜார்ஜ் போய் ஒரு மாதம் ஆகியிருக்கவில்லை. 2020-ல் வந்த 'பவர் அப்' தொகுப்பின் ஒவ்வொரு பாட்டிலும் மால்கமின் பெயர் இருக்கிறது. அவர் விட்டுப்போன மெட்டுகளைக் கொண்டு கட்டியது அது. முதலாளி போன பிறகும் பட்டறையில் அவர் அறுத்து வைத்த மரம் தீரவில்லை.

இந்தப் பாட்டு எனக்கு இப்போதும் முழுதாகப் பிடிக்கவில்லை. பானின் வரிகளில் பெண்களைப் பற்றிய பகிடிகள் பல இன்றைக்குக் காதில் உறுத்துகின்றன. ஆனால் கித்தாரின் அடுக்கில் ஒரு ஒழுங்கு இருக்கிறது; வேண்டாத சத்தம் ஒன்றுகூட இல்லை. அதைக் கேட்கப் பழகியபின் காரில் நிறுத்தச் சொல்வதில்லை.

பேர்த்திலிருந்து ஃப்ரீமாண்டிலுக்கு ரயிலில் அரை மணித்தியாலம். சிலைக்கு நடந்தே போகலாம். கல்லறைத் தோட்டத்துக்குக் காரோ பஸ்ஸோ வேண்டும். சிட்னிப் பக்கம் இருப்பவர்கள் அதற்கு முன் ஒருமுறை வில்லாவுட் வேலியையும் பார்த்துவிடுங்கள். தகட்டை மட்டும் பெயர்க்க வேண்டாம்.