இருபத்தெட்டு வரப்பு

அக்டோபர் 6, 2024, ஞாயிறு

வளைகாப்பு முடிந்து மகளை அழைத்து வந்து பத்து நாளாகிறது. டிசம்பர் நடுவில் பிரசவம் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். குன்னூரில் அந்த மாதத்தில் பிறக்கும் பிள்ளைக்கு ஸ்வெட்டர் இல்லாமல் ஆகாது. கடையில் கிடைக்கும். ஆனாலும் இதை என் கையால் பின்ன வேண்டும் என்று ஒரு மாதமாக மனதில் ஓடிக்கொண்டே இருந்தது. ஐம்பத்தேழு வயது வரை பின்னல் ஊசியை நான் தொட்டதில்லை.

பக்கத்து வீட்டு டீச்சர் பள்ளிக்கூடத்தில் முப்பது வருஷம் தையல் சொல்லிக்கொடுத்தவர். மத்தியானம் அவர் வீட்டில் போய் உட்கார்ந்தேன். "நிட் மட்டும் போதும். பர்ல் அடுத்த ஸ்வெட்டருக்கு" என்றார். எல்லா வரிசையும் நிட்டாகவே போட்டால் துணி இரண்டு பக்கமும் ஒன்றுபோல் வரும், ஓரம் சுருளாது, இழுத்தால் நெகிழ்ந்து கொடுக்கும். ஓட்டை விழும் பூவேலை பார்க்க அழகாக இருந்தாலும் குழந்தையின் விரல் அதில் மாட்டிக்கொள்ளும், வேண்டாம் என்றார். கழுத்தில் கட்டும் நாடாவும் கூடாது.

இருபது கண்ணி ஏற்றவே ஒன்றரை மணி நேரம் ஆனது.

ராத்திரி அத்தை என் மடியில் இருந்த ஊசிகளைப் பார்த்துவிட்டார். "பொறக்காத புள்ளைக்குப் புதுத்துணி ஆகாது கண்ணு" என்றார். குரலில் கோபம் இல்லை. அவருடைய தலைப்பிள்ளை தங்கவில்லை. அதற்கென்று எடுத்து வைத்த துணிகள் பெட்டியில் வெகுநாள் கிடந்தன என்று என் கல்யாணமான புதிதில் ஒரே ஒரு தடவை சொல்லியிருக்கிறார். எனக்கு உடனே பதில் வரவில்லை. பிறகு, "முடிக்காம வைக்கிறேன் அத்தை. பிறந்த பிறகுதான் பக்கம் சேர்த்துத் தைப்பேன்" என்றேன். அவர் ஒன்றும் சொல்லாமல் படுத்துக்கொண்டார்.

அக்டோபர் 9, புதன்

நூல் வாங்க ஊட்டிக்குப் போனோம். நிறத்தில் யோசனையே இல்லை, மஞ்சள்தான். ஆணா பெண்ணா என்று முன்கூட்டிச் சொல்வது 1994-ஆம் வருஷத்துச் சட்டப்படி குற்றம். அந்தச் சட்டம் இருப்பது நல்லது. மஞ்சள் யாருக்கும் பொருந்தும்.

நூல் வகையில்தான் நேரம் போயிற்று. கடைக்காரர் முதலில் எடுத்துப்போட்டது அக்ரிலிக். மெத்தென்று இருந்தது, விலையும் குறைவு, எப்படித் துவைத்தாலும் ஒன்றும் ஆகாதாம். டீச்சர் அதில் ஒரு துண்டையும் ஆட்டுக்கம்பளி நூலில் ஒரு துண்டையும் வாங்கி, கடை வாசலில் தீக்குச்சி கிழித்துக் காட்டினார். அக்ரிலிக் உருகி, கறுப்பு மணியாக இறுகிவிட்டது. கம்பளி, முடி கருகும் நாற்றத்தோடு கொஞ்சம் எரிந்து, குச்சியை எடுத்ததும் தானாக அணைந்தது. விரலால் நசுக்கினால் சாம்பல். ராத்திரியில் கணப்புச் சட்டி வைக்கும் வீடு எங்களுடையது. 50 கிராம் பந்து மூன்று, மெரினோ கம்பளியிலேயே வாங்கினேன். இதை வெந்நீரில் போட்டு அலசக் கூடாது. கம்பளி இழையில் செதில் செதிலாக இருக்குமாம். சூடும் கசக்கலும் பட்டால் ஒன்றோடொன்று பின்னிச் சுருங்கிப்போகும்.

திரும்பும்போது ஒரு கடையில் தோடர்களின் பூத்துக்குளி தொங்கியது. வெள்ளைத் துணியில் கறுப்பும் சிவப்பும். அந்தப் பெண்கள் எதையும் வரைந்து வைத்துக்கொள்வதில்லை, துணியின் இழையை எண்ணி எண்ணியே ஊசி குத்துகிறார்கள். எத்தனையோ தடவை பார்த்த சால்வைதான். இன்றைக்குத்தான் பக்கத்தில் போய் எண்ணிப் பார்க்கத் தோன்றியது.

அக்டோபர் 11, வெள்ளி

மாதிரித் துண்டு போட்டேன். 8-ஆம் நம்பர் ஊசியில் இருபது கண்ணிக்கு 10 சென்டிமீட்டர் வர வேண்டும். எனக்கு எட்டரைதான் வந்தது. பயத்தில் நூலை இறுக்கிப் பிடிக்கிறேன். ஒன்றரை சென்டிமீட்டர்தானே என்று விடப் பார்த்தேன். டீச்சர் பென்சிலை எடுத்தார். முதுகுக்கு ஐம்பது கண்ணி, 25 சென்டிமீட்டர் வர வேண்டியது 21-ல் நின்றுவிடும். முன்பக்கமும் சேர்ந்தால் சுற்றளவில் ஏறத்தாழ 8 சென்டிமீட்டர் போய்விடும். குழந்தையின் நெஞ்சில் அது எவ்வளவு பெரிய குறை!

7-ஆம் நம்பர் ஊசி கொடுத்தார். நம்பர் குறைந்தால் ஊசி தடிக்கும். 8 என்றால் 4 மில்லிமீட்டர், 7 என்றால் நாலரை. இப்போது சரியாகப் பத்து வந்தது.

இன்னும் முகம் பார்க்காத ஒருவருக்கு அளவு எடுத்துக்கொண்டிருக்கிறேன். பிறக்கும்போது நெஞ்சு ஏறத்தாழ 33 சென்டிமீட்டர்தான் இருக்குமாம். ஆறு மாதத்தில் 43-ஐத் தொடும். அதற்கும் மேலே கொஞ்சம் தாராளம் விட்டு 50 வைத்திருக்கிறோம்.

அக்டோபர் 16, புதன்

ஐம்பது கண்ணி ஏற்றியது ஐம்பத்து நாலாகி நிற்கிறது. எங்கே கூடியது என்று தெரியாமல் இரண்டு நாள் தவித்தேன். காரணம் இன்றைக்குத்தான் பிடிபட்டது. வரிசை தொடங்கும்போது நூலை ஊசிக்கு மேலாக இழுத்துப் பின்னால் கொண்டுபோகிறேன். முதல் கண்ணியின் இரண்டு காலும் மேலே ஏறி, இரண்டு கண்ணி மாதிரி நிற்கிறது. நானும் இரண்டு என்றே பின்னிவிடுகிறேன். நூலை ஊசிக்குக் கீழே வைத்தால் ஒன்று ஒன்றாகவே இருக்கிறது. இவ்வளவுதான் விஷயம்.

பதினெட்டு வரிசையையும் பிரித்தேன். பிரித்த நூல் சுருள் சுருளாக நின்றது. தண்ணீரில் நனைத்து, கொடியில் தொங்கவிட்டுக் கீழே ஒரு கரண்டியைக் கட்டினேன். காலையில் நேராகிவிடும்.

அக்டோபர் 31, வியாழன், தீபாவளி

பத்து வரிசை. பலகார வேலைக்கு நடுவே இதுவே அதிகம்.

நவம்பர் 10, ஞாயிறு

மூன்று நாளாக மழை விடவில்லை. முதுகு கக்கம் வரை வந்துவிட்டது. ஒரு கண்ணி நழுவி ஏணி மாதிரி ஏழு வரிசை கீழே இறங்கியிருந்தது. பார்த்ததும் கை கால் ஓடவில்லை. டீச்சர் குரோஷா ஊசியைக் கொடுத்து, "நீங்களே ஏத்துங்க" என்று சொல்லிவிட்டுத் தள்ளி உட்கார்ந்துகொண்டார். ஒவ்வொரு படியாகப் பிடித்து மேலே கொண்டுவந்தேன். ஒரு படி முன்பக்கமிருந்து, அடுத்தது பின்பக்கமிருந்து எடுக்க வேண்டும். அப்போதுதான் பின்னல் எப்படி நிற்கிறது என்பது புரிந்தது. ஒரு கண்ணியைத் தாங்குவது அதற்கு மேலே இருக்கும் கண்ணிதான்.

இன்றைய பெரிய விஷயம் அது இல்லை. அத்தை தானாகவே வந்து பக்கத்தில் உட்கார்ந்து, "குடு, பாக்கறேன்" என்று கை நீட்டினார். கண் சரியாகத் தெரியாது. ஆயுள் முழுக்கப் பூக் கட்டிய விரல். துணியைத் தடவிக்கொண்டே, "இதென்ன, காட்டுல வரப்பு போட்டாப்புல இருக்குது" என்றார். இரண்டு வரிசை சேர்ந்து ஒரு மேடாக எழும்பும், அதைத்தான் சொன்னார். கட்டை விரலால் ஒவ்வொன்றாக நகர்த்தி எண்ணினார். "இருபத்தேழு." நான் இருபத்தெட்டு என்று எழுதி வைத்திருந்தேன். விளக்கடியில் கொண்டுபோய் எண்ணினேன். இருபத்தேழுதான். இன்னும் ஒரு வரப்பு போட்ட பிறகே கைக்குக் கண்ணி ஏற்றினேன், பக்கத்துக்கு இருபத்தெட்டு. ஊசியில் இப்போது நூற்றாறு.

நவம்பர் 24, ஞாயிறு

கைக்கு இருபது வரப்பு ஏறித் தோள் வந்தது. கழுத்துக்கு நடுவில் இருபது கண்ணியை மூடி, இரண்டு பக்கமும் நாற்பத்து மூன்றாகப் பிரித்தேன். ஒரு பக்கம் பெரிய ஊக்கில் காத்திருக்கிறது. மற்றது முன்பக்கமாகக் கீழே இறங்கத் தொடங்கிவிட்டது.

இப்படி முன்னால் திறக்கும் ஸ்வெட்டருக்குக் கார்டிகன் என்ற பெயர் ஒரு பிரபுவால் வந்தது என்றார் டீச்சர். 1854-இல் கிரிமியப் போரில், பாலக்ளாவா என்ற இடத்தில் குதிரைப்படையை நடத்திப் போனவர் கார்டிகன் பிரபு. நாம் குரங்குக் குல்லா என்று போட்டுக்கொள்வதற்கு அந்த ஊரின் பெயர். கழுத்திலிருந்து சரிவாக இறங்கும் ராக்லன் கைக்கு, அதே போரில் தளபதியாக இருந்தவரின் பெயர். குளிரில் நடந்த ஒரு போர், பச்சைக் குழந்தைகளின் துணியில் மூன்று பெயரை விட்டுப் போயிருக்கிறது. கேட்டதிலிருந்து மனதுக்கு என்னவோ போல் இருக்கிறது.

பொத்தான் துளைக்கு நூலை ஒரு சுற்று ஊசியில் போட்டு, அடுத்த இரண்டு கண்ணியை ஒன்றாகச் சேர்த்துப் பின்ன வேண்டும். கூடுவதும் குறைவதும் சரியாகப் போய்விடும். பயப்பட்ட அளவுக்கு இல்லை.

டிசம்பர் 5, வியாழன்

கடைசிக் கண்ணியை மூடினேன். இளஞ்சூட்டு நீரில் அலசி, துண்டில் சுருட்டிப் பிழிந்து, மேசையில் விரித்து அளவுக்கு நீவி வைத்திருக்கிறேன். தோளில் மடித்துப் பக்கம் தைத்தால் சட்டை. நான் தைக்கவில்லை. பொத்தானும் தைக்கவில்லை. ஊசியில் மஞ்சள் நூலைக் கோத்துத் துணியோரத்தில் குத்தி, அலமாரியில் வைத்தேன். அத்தை பார்த்துக்கொண்டிருந்தார். மகள் ஒரு தடவை எடுத்துக் கன்னத்தில் வைத்துப் பார்த்துவிட்டுத் திரும்ப வைத்தாள்.

டிசம்பர் 14, சனி

விடியற்காலை 4.20. பெண். இரண்டு கிலோ எண்ணூறு. என் கணவரின் பழைய வேட்டியில்தான் சுற்றி வாங்கினோம்.

டிசம்பர் 18, புதன்

நேற்று வீட்டுக்கு வந்தார்கள். நான் சொல்லவே இல்லை, சாப்பிட்டு முடித்ததும் அத்தையே, "எடுத்துட்டு வா கண்ணு, தெச்சிரலாம்" என்றார். விளக்கைக் கிட்டே இழுத்துக்கொண்டேன். அத்தை இரண்டு ஓரத்தையும் சேர்த்துப் பிடிக்க, வரப்புக்கு வரப்பு ஒட்டித் தைத்தேன். பொத்தான் நாலு. ஒவ்வொன்றையும் ஆறு தடவை ஊசி விட்டு, இழுத்துப் பார்த்து, நூல் முனையை உள்ளே ஓட்டி அறுத்தேன்.

இன்று காலை குளிப்பாட்டிப் போட்டுப் பார்த்தோம். கை நீளம், மடித்து விட்டேன். உடம்பில் இன்னொரு குழந்தைக்கு இடம் இருக்கிறது. அத்தை மடியில் வாங்கிக்கொண்டார். அவள் தூங்கிவிட்டாள். நெஞ்சின் மேல் கட்டை விரலை வைத்து, அத்தை கீழேயிருந்து எண்ணத் தொடங்கினார். பன்னிரண்டாவது வரப்போ என்னவோ, விரல் அப்படியே நின்றுவிட்டது. குழந்தை மூச்சு விட விட அந்த விரல் ஏறி இறங்கிக்கொண்டிருந்தது.